கமுதி வழக்கு: லண்டன் வரை போன கோயில் கதவு

1897 ஜனவரி 26. மேலைநாடுகளில் சொற்பொழிவாற்றிப் புகழோடு திரும்பிய விவேகானந்தர் இலங்கை வழியாக வந்து பாம்பனில் கரையிறங்கினார். சிகாகோ பயணத்துக்கு ஊக்கம் தந்தவர்களில் முதல் வரிசையில் நின்ற இராமநாதபுரம் ராஜா பாஸ்கர சேதுபதி நேரில் வந்து வரவேற்றார். வண்டியில் பூட்டியிருந்த குதிரைகளை அவிழ்த்துவிட்டு, ராஜாவும் மக்களுமாக அதை இழுத்துச் சென்றார்கள். இராமேஸ்வரம் கோயிலில் பேசிய சுவாமி, ஏழையிடமும் எளியவனிடமும் நோயாளியிடமும் சிவனைக் காண்பவனே உண்மையில் சிவனை வழிபடுகிறான் என்றார். கேட்டு நெகிழ்ந்த ராஜா ஆயிரக்கணக்கான ஏழைகளுக்குச் சோறும் துணியும் வழங்கினார். சுவாமி இறங்கிய இடத்தில் 40 அடி உயர நினைவுத்தூணும் எழுந்தது.

நான்கு மாதம்கூட ஆகவில்லை. மே 14 அன்று இரவு, அதே ராஜாவின் ஜமீனுக்குள் குண்டாற்றங்கரையில் இருக்கும் கமுதியில், நாடார் குடும்பத்தார் 15 பேர் மீனாட்சி சுந்தரேஸ்வரர் கோயிலுக்குள் நுழைந்து வழிபட்டார்கள். கோயிலின் பரம்பரை அறங்காவலர் பாஸ்கர சேதுபதிதான். அவர் மதுரை நீதிமன்றத்தில் பிராது கொடுத்தார்: நாடார்களுக்கு இந்தக் கோயிலில் நுழைய உரிமை கிடையாது, இனி நுழையாதபடி தடை விதிக்க வேண்டும், பட்ட தீட்டைக் கழிக்கும் செலவையும் அவர்களே தர வேண்டும்.

இந்த வழக்கைப் புரிந்துகொள்ள, தாராளவாதச் சிந்தனையாளர் ஜான் ஸ்டூவர்ட் மில் வேலை பார்த்த கிழக்கிந்தியக் கும்பினியின் லண்டன் அலுவலகத்துக்குப் போக வேண்டும். 1823 முதல் 1858 வரை அங்கே உத்தியோகம் பார்த்தவர், 1859-இல் தனிமனித சுதந்திரம் பற்றிய தம் புகழ்பெற்ற நூலை வெளியிட்டார். பிறருக்குத் தீங்கு செய்யாதவரை ஒருவன் வாழ்க்கையில் அரசோ சமூகமோ தலையிடக் கூடாது என்பது அதன் மையம். ஆனால் பக்குவம் அடையாத சமுதாயங்களுக்கு இந்த விதி பொருந்தாது என்று அவரே ஒரு விலக்கும் எழுதிவைத்தார். அவர் எந்த நாட்டு நிர்வாகத்தில் சம்பளம் வாங்கினாரோ அந்த நாடு இந்த விலக்குக்குள் அடங்கியது. தாராளவாதத்தின் வரலாற்றை ஐரோப்பாவில் மட்டும் படிப்பவருக்கு இது ஓர் அடிக்குறிப்பாகத் தோன்றலாம். இராமநாதபுரம் சீமையில் இருந்து படித்தால் கதையே இங்கேதான் இருக்கிறது.

1858-இல் கும்பினி ஆட்சி முடிந்து விக்டோரியா மகாராணி வெளியிட்ட பிரகடனம், குடிமக்களுக்கு இரண்டு வாக்குறுதிகளை ஒரே மூச்சில் தந்தது. சட்டம் எல்லோரையும் பாரபட்சமின்றிச் சமமாகக் காக்கும். அரசு குடிகளின் மத நம்பிக்கையிலும் வழிபாட்டிலும் தலையிடாது. இரண்டுமே தாராளவாதம் ஊன்றி நிற்கும் கொள்கைகள். மத விஷயத்தில் அரசு கைவைக்கக் கூடாது என்று ஜான் லாக் 17-ஆம் நூற்றாண்டிலேயே வாதாடியவர். ஆனால் ஒரு கோயில் வாசலில் ஒருவன் நிறுத்தப்பட்டால் எந்த வாக்குறுதி செல்லும்? பிரகடனத்தில் விடை இல்லை. கமுதி வழக்கு அந்தக் கேள்வியைத்தான் நீதிமன்றக் கூண்டில் ஏற்றியது.

கேள்வி கேட்டவர்கள் யார் என்பதையும் பார்த்துவிட வேண்டும். பனையேறுவதும் கள்ளிறக்குவதும் நாடார்களின் தொழில் என்று வைத்து, ஊர் அவர்களைத் தள்ளி நிறுத்தியிருந்தது. ஆனால் 19-ஆம் நூற்றாண்டில் சிவகாசி, விருதுநகர், அருப்புக்கோட்டை, கமுதி போன்ற ஊர்களில் அவர்களில் பலர் வணிகர்களாகத் தலையெடுத்தார்கள். வழியில் வண்டியும் சரக்கும் பத்திரமாகத் தங்கப் பேட்டைகள் அமைத்தார்கள். விற்ற சரக்கின் மீது மகமை பிடித்து, உறவின்முறை என்ற தங்கள் சமூக அமைப்புக்குப் பொதுநிதி சேர்த்தார்கள். வீடுதோறும் பிடி அரிசி எடுத்துப் பள்ளிக்கூடம் நடத்தினார்கள். தனிமனிதனின் உரிமை என்று ஐரோப்பா பேசியதை, இந்த வறண்ட பூமியில் ஒரு மனிதன் ஒண்டியாக நின்று கேட்டிருக்கவே முடியாது. லண்டன் வரை வழக்காடும் தெம்பை உறவின்முறைதான் கொடுத்தது. தனிமனிதனுக்கும் கூட்டத்துக்கும் நடுவே கோடு கிழித்துப் பேசும் ஐரோப்பியப் பாடநூல்களில் இதற்கு இடம் கிடையாது.

வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே சீமை கொதித்தது. 1899 ஜூன் 6 அன்று, சுற்றுக் கிராமங்களிலிருந்து திரண்டு வந்த மறவர்களும் பிறரும் சிவகாசியைத் தாக்கினார்கள். வீடுகள் எரிந்தன, உயிர்கள் போயின, கலவரம் பல ஊர்களுக்குப் பரவியது. அடுத்த மாதமே மதுரை நீதிமன்றத்தின் தீர்ப்பு வந்தது: நாடார்களுக்குக் கோயிலில் நுழைய உரிமை இல்லை, தீட்டுக் கழிக்க 500 ரூபாய் தர வேண்டும். 1901-இல் சென்னை உயர் நீதிமன்றமும் அதையே உறுதி செய்தது.

உயர் நீதிமன்றத் தீர்ப்பில் ஒரு பகுதி நின்று படிக்க வேண்டியது. கல்வியாலும் உழைப்பாலும் சிக்கனத்தாலும் இவர்களில் பலர் மதிப்பான நிலைக்கு வந்திருக்கிறார்கள் என்று நீதிபதிகள் மனமாரப் பாராட்டுகிறார்கள். விக்டோரியா காலத்துத் தாராளவாதம் ஒரு நல்ல குடிமகனிடம் எதிர்பார்த்த குணங்கள் இந்த மூன்றும்தான். பாராட்டிய கையோடு, இவை எதுவும் கோயில் வாசலைத் திறக்காது என்கிறார்கள். அவர்கள் கேட்டது வேறு சான்று: நீங்கள் எந்த வருணம்? உங்கள் முன்னோர் உள்ளே போனார்களா? வழக்கம் என்ன சொல்கிறது?

அப்படிக் கேட்கும் நீதிமன்றத்தில் நாடார்களும் அதற்கேற்றபடியே வாதாட வேண்டியிருந்தது. நாங்கள் மனிதர்கள், ஆகவே உள்ளே வருவோம் என்று அவர்கள் சொல்லவில்லை. நாங்கள் சத்திரியர்கள், பாண்டியர் வழிவந்தவர்கள் என்றார்கள். அந்த வாதம் வென்றிருந்தால் நாடார்களுக்கு மட்டும் கதவு திறந்திருக்கும். பள்ளர், பறையர், அருந்ததியர் வெளியேதான் நின்றிருப்பார்கள். இதற்காக அந்தத் தலைமுறையைக் குறைசொல்வது நியாயமாகாது. பிறப்பைத் தவிர வேறெதையும் சான்றாக ஏற்காத மன்றத்தில் அவர்கள் பிறப்பைத்தான் சான்றாகக் காட்ட முடிந்தது.

மேல்முறையீட்டு நேரத்தில் நடந்த ஒன்று இதைவிட வியப்பானது. ராஜா இறங்கி வந்து நாடார்களோடு சமரசம் செய்துகொள்ள இசைந்தார். வழக்குத் தொடுத்தவரே கதவைத் திறக்கச் சம்மதித்துவிட்டார் என்றால் பிரச்சினை அங்கே முடிந்திருக்க வேண்டும். நீதிமன்றம் விடவில்லை. வழக்கப்படி அனுமதி இல்லாதவர்களை உள்ளே விட ஒப்புக்கொள்ளும் அறங்காவலர் தம் நம்பிக்கைப் பொறுப்பை மீறியவராவார் என்றது. மாறிவரும் ஒரு சமூகம் தானாகச் சரிசெய்துகொள்ள எடுத்த முயற்சியைச் சட்டம் தடுத்து நிறுத்தியது. வழக்கம் என்பது காலந்தோறும் ஆட்களோடு சேர்ந்து இளகி வளர்வது. நீதிமன்றம் அதைக் கல்லில் வெட்டி வைத்தது.

1903-இல் பாஸ்கர சேதுபதி மறைந்தார். வழக்கு அவருடைய வாரிசு ராஜராஜேஸ்வர சேதுபதியின் பெயரில் தொடர்ந்தது. எதிர்ப்பக்கம் சங்கரலிங்க நாடார். 1908-இல் லண்டன் பிரிவி கவுன்சில் இறுதித் தீர்ப்பை வழங்கியது. நாடார்கள் தோற்றார்கள்.

அந்த ஆண்டில் பிரிட்டனை ஆண்டது லிபரல் கட்சி. 1906 தேர்தலில் பெருவெற்றி பெற்று வந்த அரசு அது. இந்தியாவுக்கான அமைச்சராக இருந்தவர் ஜான் மார்லி, மில்லின் நேரடிச் சீடர். பிரிவி கவுன்சில் நீதிபதிகள் அமைச்சர்களிடம் கேட்டுத் தீர்ப்பு எழுதுபவர்கள் அல்லர். ஆகவே மார்லியைப் பொறுப்பாக்க முடியாது. ஆனாலும் தாராளவாதம் தன் சொந்த வீட்டில் உச்சத்தில் இருந்த வேளையில், அதன் பேரரசின் மிக உயர்ந்த நீதிமன்றம் பிறப்பு பெரிதா மனிதன் பெரிதா என்ற கேள்வியில் பிறப்பின் பக்கம் நின்றது.

கமுதியில் கதவை அடைத்த அந்த அளவுகோல், அதே கமுதியைச் சுற்றியிருந்த மறவர்களையும் விட்டுவைக்கவில்லை. குற்றப் பரம்பரைச் சட்டம் 1871-இல் வட இந்தியாவுக்காக இயற்றப்பட்டது. அப்போது வைசிராய் சபையில் சட்ட உறுப்பினராக இருந்த ஜேம்ஸ் ஃபிட்ஸ்ஜேம்ஸ் ஸ்டீபன்தான் ஊர் திரும்பி 1873-இல் மில்லை மறுத்து நூல் எழுதினார். 1911-இல் அந்தச் சட்டம் திருத்தி விரிக்கப்பட்டுச் சென்னை மாகாணத்துக்கும் வந்தது. ஒருவன் குற்றம் செய்தானா என்று பார்க்காமல், எந்தச் சாதியில் பிறந்தான் என்று பார்த்துக் கைரேகை எடுத்தார்கள். இரவில் போலீஸ் காவலில் ஆஜராக வேண்டும், அனுமதியின்றி வெளியூர் போகக் கூடாது. மக்கள் அதை ரேகைச் சட்டம் என்றார்கள். 1920-இல் மதுரை ஜில்லாவின் பெருங்காமநல்லூரில் அதை எதிர்த்த பிறமலைக் கள்ளர்கள் துப்பாக்கிக்கு இரையானார்கள். 1929-இல் ஆப்பநாட்டு மறவர்கள் மீது அது பாய்ந்தபோது எதிர்த்து எழுந்தவர், கமுதியை அடுத்த பசும்பொன்னைச் சேர்ந்த முத்துராமலிங்கத் தேவர். 1947-இல் சென்னை அரசு அதை ரத்து செய்யும்வரை போராட்டம் ஓயவில்லை.

சிவகாசியில் எதிரெதிரே நின்ற இரு சமூகத்தாரையும் ஒரே அரசு ஒரே அளவுகோலால்தான் அளந்தது. ஒருவருக்குக் கோயில் மூடியது, மற்றவருக்குக் காவல் நிலையம் திறந்தது. குற்றமும் தகுதியும் தனி மனிதனுடையவை என்பதே தாராளச் சட்டத்தின் உயிர். இராமநாதபுரத்தில் அந்த உயிர் நீங்கிய சட்டமே ஆண்டது.

இதற்குள் வாதத்தின் அடித்தளமே மாறத் தொடங்கியிருந்தது. அதே நாடார் சமூகத்திலிருந்து வந்த பட்டிவீரன்பட்டி டபிள்யூ.பி.ஏ. சௌந்தரபாண்டியன், 1929 பிப்ரவரியில் செங்கல்பட்டில் கூடிய முதல் சுயமரியாதை மாநாட்டுக்குத் தலைமை தாங்கினார். சாதிப் பட்டங்களை விட்டொழிக்கவும் பெண்களுக்குச் சொத்தில் சம உரிமை வழங்கவும் அந்த மாநாடு தீர்மானம் போட்டது. இராமநாதபுரம் ஜில்லா போர்டு தலைவராக இருந்தபோது அவர், ஆதிதிராவிடர்களைப் பஸ்ஸில் ஏற்ற மறுத்தால் பஸ் முதலாளியின் லைசென்ஸ் ரத்தாகும் என்று உத்தரவு போட்டார். சத்திரியன் என்பதால் உள்ளே விடு என்ற 1897-இன் வாதத்துக்கும், டிக்கெட் வாங்கியவன் எவனானாலும் ஏற்று என்ற இந்த உத்தரவுக்கும் இடையே ஒரு தலைமுறைதான். சென்னையில் தங்களை லிபரல்கள் என்றே அழைத்துக்கொண்ட சீனிவாச சாஸ்திரி, சிவசாமி ஐயர் போன்ற அறிஞர்கள் அரசியல் சட்ட நுணுக்கங்களில் கரைகண்டவர்கள். ஆனால் பஸ் படிக்கட்டுக்குக் கொள்கையைக் கொண்டுவந்தவர் சௌந்தரபாண்டியன்தான்.

1939 ஜூலை 8 அன்று மதுரை மீனாட்சி கோயிலுக்குள் அ. வைத்தியநாத ஐயர், கக்கன் உள்ளிட்ட தாழ்த்தப்பட்ட தோழர்களை அழைத்துச் சென்றார். உடன் சென்றவர்களில் ஒருவர் விருதுநகர் சண்முக நாடார். ராஜாஜி அரசு உடனே சட்டம் கொண்டுவந்து அந்த நுழைவுக்குப் பாதுகாப்பு அளித்தது. எட்டு ஆண்டுகள் கழித்து, 1947-இல் வந்த ஆலயப் பிரவேசச் சட்டம் மாகாணம் முழுவதும் எல்லா இந்துக்களுக்கும் கோயில்களைத் திறந்தது.

சட்டம் திறந்ததை ஊர் உடனே திறந்துவிடவில்லை. 1957 செப்டம்பரில் முதுகுளத்தூரில் ஆட்சியர் கூட்டிய சமாதானக் கூட்டத்தில் தேவேந்திரர் தரப்பில் சமமாக அமர்ந்து பேசிய இம்மானுவேல் சேகரன், மறுநாள் 11-ஆம் தேதி பரமக்குடியில் வெட்டிக் கொல்லப்பட்டார். சில நாளில் கீழத்தூவலில் போலீஸ் சுட்டு 5 மறவர்கள் மாண்டார்கள். பிறப்பைக் கொண்டு மனிதனை அளப்பது எத்தனை உயிர்களை விழுங்கும் என்பதற்கு அந்த மாதம் சாட்சி.

அதே ஆண்டு நவம்பர் 8-இல், தென் கன்னடத்து முல்கி வேங்கடரமண சுவாமி கோயில் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. எழுதியவர் நீதிபதி டி.எல். வெங்கடராம ஐயர், சங்கீத உலகம் அறிந்த தமிழர். கேள்வி பழையதுதான்: ஒரு மதப்பிரிவினர் தங்கள் கோயில் விவகாரத்தைத் தாங்களே நடத்தும் உரிமை பெரிதா, எல்லா இந்துக்களும் நுழையும் உரிமை பெரிதா? கமுதி வழக்கைப் பெயர் சொல்லி எடுத்துப் பேசிய நீதிபதி, ஆகமமும் வழக்கமும் முன்பு அப்படித்தான் காக்கப்பட்டன என்று ஒப்புக்கொண்டார். பிறகு, அரசியல் சட்டத்தின் 25-ஆம் பிரிவு தரும் நுழைவுரிமையே மேலோங்கும் என்று தீர்ப்பு எழுதினார். சில சடங்குகளின்போது மட்டும் கோயிலார் தங்கள் மரபைக் காத்துக்கொள்ள இடம் விட்டார்.

மகாராணியின் பிரகடனம் பதில் சொல்லாமல் விட்ட கேள்விக்கு 99 ஆண்டுகள் கழித்துப் பதில் கிடைத்தது. மில்லும் மார்லியும் தராத பதில் அது. இராமநாதபுரம் சீமையிலும் மதுரையிலும் வழக்காடித் தோற்றவர்களும், ரேகை வைக்க மறுத்தவர்களும், கோயில் வாசலில் நின்றவர்களும் சேர்ந்து எழுதிய பதில். இந்தியத் தாராளவாதத்தின் வரலாற்றை எழுதுபவர்கள் கமுதியை விட்டுவிட்டு எழுதினால் அது பாதி வரலாறுதான்.