ரஃபாயேலே ரியாரியோ

ரஃபாயேலே ரியாரியோ (1461–1521) இத்தாலிய மறுமலர்ச்சிக் காலத்தில் கத்தோலிக்கத் திருச்சபையின் நிதி நிர்வாகத்தை நெடுங்காலம் நடத்திய கர்தினால், கலைப் புரவலர். சவோனாவில் பிறந்த இவர், திருத்தந்தை நான்காம் சிக்ஸ்துஸின் உடன்பிறந்தாள் வழிப் பேரன் என்பதால், பீசாவில் மாணவராக இருந்தபோதே, 1477இல், 16ஆம் வயதில் கர்தினால் ஆக்கப்பட்டார்.

அந்த உறவே மறு ஆண்டு அவரைப் பெரும் இக்கட்டில் தள்ளியது. 1478 ஏப்ரல் 26 அன்று ஃபுளோரன்ஸ் பேராலயத்தில் அவர் பங்கேற்ற திருப்பலியின்போது, பாட்சி குடும்பத்தாரும் அவருடைய தாய்மாமன் ஜிரோலாமோவும் தீட்டிய சதியின்படி ஜூலியானோ தே மெடிச்சி குத்திக் கொல்லப்பட, அண்ணனும் நகரின் ஆட்சியாளருமான லொரென்சோ காயத்துடன் தப்பினார். சதியை அறியாதவராகவே பெரும்பாலும் கருதப்படும் இளம் கர்தினால் சிறைவைக்கப்பட்டு ஜூனில் விடுவிக்கப்பட்டார்.

1483 முதல் இவர் கமெர்லெங்கோ, அதாவது திருப்பீடத்தின் வருவாயையும் சொத்துகளையும் மேற்பார்வையிடும் அதிகாரி. இவருடைய ஆதரவில் ரோமில் பண்டைய ரோமானிய எழுத்தாளர் செனெக்காவின் நாடகம் மீண்டும் மேடையேறியது. பண்டைய ரோமானியக் கட்டடக்கலைஞர் விட்ருவியஸின் கட்டடக்கலை நூலின் முதல் அச்சுப் பதிப்பும் இவருக்கே காணிக்கையாக்கப்பட்டது. அந்நூல் போற்றும் அளவொழுங்கைக் கல்லில் காண விரும்பியவர்போல், சான் லொரென்சோ இன் தாமாசோ ஆலயத்தையும் உள்ளடக்கி இவர் எழுப்பிய மாளிகை, ரோமின் மறுமலர்ச்சிக் கட்டடங்களுள் தலையாயது. அதன் முகப்பில் இவருடைய பெயர் பொறித்த கல்வெட்டும் குலச்சின்னமான ரோஜாவும் இன்றும் உள்ளன. எனினும் அதை வடிவமைத்தவர் யார் என்பதில் அறிஞரிடையே ஒருமித்த கருத்தில்லை.

பழஞ்சிற்பம் என்று நம்பி 200 டூக்கட் பொற்காசுக்கு இவர் வாங்கிய ‘உறங்கும் கியூப்பிட்’, உண்மையில் மைக்கலாஞ்சலோ என்னும் 21 வயது இளைஞர் செதுக்கியது எனத் தெரியவந்தபோது, வணிகரிடம் பணத்தைத் திரும்பக் கேட்டாரேயன்றி, சிற்பியை ஒதுக்கவில்லை. 1496இல் ரோமுக்கு வரவழைத்தார். இவரது புரவலர் வாழ்வில் மிகுந்த விளைவுடைய செயல் இதுவே. ஆனால் இவருக்காக மைக்கலாஞ்சலோ செதுக்கிய, போதையில் தள்ளாடும் ‘பாக்கஸ்’ சிலையை ஏற்காமல் விட்டது, பழமையின்பால் இவர் கொண்ட பற்றின் எல்லையையும் காட்டுகிறது. அச்சிலை வங்கியாளர் யாக்கோப்போ கல்லியிடம் சென்று, இன்று ஃபுளோரன்ஸின் பார்ஜெல்லோ அருங்காட்சியகத்தில் உள்ளது.

1517இல், லொரென்சோ தே மெடிச்சியின் மகனான திருத்தந்தை பத்தாம் லியோவை நஞ்சிட்டுக் கொல்லச் சதி செய்ததாகக் கர்தினால் பெத்ரூச்சி மீது எழுந்த வழக்கில் ரியாரியோவும் கைதானார். பெருந்தொகை அபராதம் செலுத்தி மன்னிப்புப் பெற்றாலும் மாளிகையை இழந்தார். அது திருப்பீடத்தின் ஆவணங்களை வெளியிடும் அலுவலகத்துக்கு ஒதுக்கப்பட்டு, இத்தாலிய மொழியில் அவ்வலுவலகத்தின் பெயரான ‘கான்செல்லேரியா’ என்றே வழங்கலாயிற்று. பின்னர் நேப்பிள்ஸுக்குச் சென்ற ரியாரியோ, 1521 ஜூலையில் அங்கேயே காலமானார்.