சடாவோ யமனக்கா

சடாவோ யமனக்கா (8 நவம்பர் 1909 – 17 செப்டம்பர் 1938) ஜப்பானியத் திரைப்பட இயக்குநர், திரைக்கதை ஆசிரியர். பிறந்த ஊர் கியோட்டோ. 1932 முதல் 1937 வரை ஆறே ஆண்டுகளில் இருபதுக்கும் மேற்பட்ட படங்களை இயக்கினார். அவற்றில் இன்று முழுமையாகப் பார்க்கக் கிடைப்பவை மூன்றுதான். உலக சினிமாவின் பேரிழப்புகளில் இதையும் சேர்க்க வேண்டும்.

பள்ளிப் படிப்பு முடிந்ததும் மகினோ படநிறுவனத்தில் சேர்ந்து உதவி இயக்குநராகவும் கதை எழுதுபவராகவும் தொழில் கற்றார். பின்பு நடிகர் கன்ஜூரோ அராஷியின் நிறுவனத்துக்குப் போய், 1932இல் தம் முதல் படத்தை எடுத்தார். அப்போது வயது 22. விமர்சகர் மட்சுவோ கிஷி அந்த மௌனப் படத்தைப் பாராட்டி எழுத, யமனக்காவின் பெயர் பரவியது. கியோட்டோவின் நருதகி பகுதியில் அவரும் நண்பர்களுமாக எட்டுப் பேர் 'கின்பச்சி கஜிவாரா' என்ற ஒரே புனைபெயரில் திரைக்கதைகள் எழுதினர்.

அவர் எடுத்தவை பெரும்பாலும் சாமுராய் காலத்துக் கதைகள். ஆனால் வாள்வீச்சை விட, அந்தக் காலத்தில் சாதாரண மனிதர்கள் எப்படிப் பிழைத்தார்கள் என்பதே அவருடைய அக்கறை. 'தாங்கே சசென்' (1935) படத்தில் ஒற்றைக் கண்ணும் ஒற்றைக் கையும் கொண்ட பயங்கர வீரன், அனாதைச் சிறுவனிடம் மனம் இளகும் முரட்டு மாமனாகிவிடுகிறான். பையனைப் பார்த்துக்கொள்ளவே மாட்டேன் என்று ஒருத்தி அடித்துச் சொல்கிறாள்; அடுத்த காட்சியிலேயே அவனைக் கவனித்துக்கொண்டிருக்கிறாள். இடையில் ஒரு விளக்கமும் கிடையாது. தம் நாயகன் இப்படி மாறியதை மூலக்கதை ஆசிரியர் விரும்பவில்லை. 'சோஷுன் கொச்சியாமா' (1936) படத்தில், பிற்காலத்தில் பெரும் புகழ்பெற்ற செட்சுகோ ஹாரா பதின்வயதுப் பெண்ணாக நடித்திருக்கிறார்.

'மனித நேயமும் காகிதப் பலூன்களும்' (1937) அவருடைய உச்சம். ஏழைகளின் வரிசை வீடுகளில் ஒரு முதிய சாமுராய் தூக்கிட்டுக்கொள்வதில் படம் தொடங்குகிறது. அக்கம்பக்கத்தார் அவருக்குத் துக்கம் காக்கக் கூடுகிறார்கள். வீட்டுக்காரர் செலவில் வந்த சாராயத்தில் அந்த இரவு கூத்தும் கும்மாளமுமாகக் கழிகிறது. வேலையற்ற இன்னொரு சாமுராய், இறந்துபோன தந்தை எழுதிய கடிதத்தோடு ஓர் அதிகாரியின் வாசலில் திரும்பத் திரும்ப நின்று அவமானப்படுகிறான். வீட்டில் மனைவி காகிதப் பலூன் ஒட்டிக் கூலி சம்பாதிக்கிறாள். ஜென்ஷின்சா நாடகக் குழுவினர் நடித்த இந்தப் படத்தில் வீரம் சோறு போடுவதில்லை.

படம் திரைக்கு வந்த நாளான 25 ஆகஸ்ட் 1937 அன்றே அவருக்குப் படையில் சேரும் ஆணை வந்தது. சீனப் போர்முனையில், தாமும் படைவீரராக இருந்த நண்பர், இயக்குநர் யசுஜிரோ ஓசுவை ஒருமுறை சந்தித்தார். அடுத்த ஆண்டு கைஃபெங் நகரில் குடல் நோயால் இறந்தபோது அவருக்கு 28 வயது.

அவர் விட்டுச்சென்ற கதையை நருதகி நண்பர்கள் திரைக்கதையாக்க, அவர்களில் ஒருவரான ரியோ ஹகிவாரா 1939இல் படமாக எடுத்தார். யமனக்காவின் வாழ்க்கை வரலாற்றை, பின்னாளில் இயக்குநராகப் பெயர்பெற்ற அவருடைய உடன்பிறந்தவரின் மகன் தாய் கதோ எழுதினார்.