மரக்கட்டைகள் என்று எண்ணப்பட்டோர்

சீன தேசத்தின் வடகிழக்கிலே, மஞ்சூரியப் பெருவெளியில் அமைந்த நகரம் ஹார்பின். அந்நகருக்குத் தெற்கே ஏறக்குறைய 15 மைல் தூரத்திலே பிங்ஃபாங் என்னும் இடம் உண்டு. 1930ஆம் ஆண்டுகளின் பிற்பகுதியிலே அங்கு வாழ்ந்த கிராமத்தவர் தம் வீடுவாசல்களையும் விளைநிலங்களையும் விட்டு வெளியேற்றப்பட்டனர். அவர்கள் உழுது பயிரிட்ட மண்ணிலே உயர்ந்த மதிலும், அகழியும், மின்சாரம் பாய்ச்சிய கம்பி வேலியும் எழுந்தன. உள்ளே ஏறத்தாழ 150 கட்டடங்கள் அமைந்தன. தனியான ரயில் பாதையும் விமானத் தளமும் அமைந்தன. அங்கே நடப்பது யாது என வினவிய அயலவர்க்கு, மரம் அரியும் ஆலை என விடை கூறப்பட்டது என்பர். ஆலைக்குள்ளே பணிபுரிந்தோர் இப்பொய்யைத் தம் பேச்சிலும் கையாண்டனர். மூடிய வாகனங்களிலே கொண்டுவரப்பட்ட கைதிகளை அவர்கள் ‘மருத்தா’ என்று குறிப்பிட்டனர். யப்பானிய மொழியிலே அச்சொல்லுக்கு மரக்கட்டை என்பது பொருள்.

இந்த ‘ஆலை’யின் உத்தியோகபூர்வமான பெயர், குவாந்துங் சேனையின் நோய்த்தடுப்பு நீர்ச்சுத்திகரிப்புத் திணைக்களம் என்பதாகும். 1941ஆம் ஆண்டு முதல் அதற்கு வழங்கிய இராணுவக் குறியெண்ணாலேயே வரலாறு அதனை அறியும். அதுவே 731ஆம் படைப்பிரிவு.

இப்பிரிவை உருவாக்கியவர் இஷீ ஷிரோ என்னும் இராணுவ வைத்தியர். 1892ஆம் ஆண்டிலே பிறந்த அவர், கியோத்தோ இராச்சியப் பல்கலைக் கழகத்திலே வைத்தியம் பயின்றவர். கிருமியியலிலே தேர்ச்சி மிக்கவர். 1928ஆம் ஆண்டு தொடக்கம் இரண்டாண்டுக் காலம் மேனாடுகளைச் சுற்றிவந்தார். அதற்கு மூன்றாண்டுகள் முன்னதாக, 1925இலே, நச்சுவாயுவையும் நோய்க் கிருமிகளையும் யுத்தத்திலே பயன்படுத்தலாகாது என ஜெனீவாவிலே உடன்படிக்கை ஒன்று எழுதப்பட்டிருந்தது. யப்பான் அதிலே கையொப்பமிட்ட போதிலும், அதனை முறைப்படி ஏற்றது 1970ஆம் ஆண்டிலேதான். உலக நாடுகள் கூடி ஓர் ஆயுதத்தைத் தடைசெய்ய முற்படுவதாயின் அவ்வாயுதம் வலிமை மிக்கதாகவே இருத்தல் வேண்டும் என்பது இஷீயின் வாதம். மனிதகுலத்தைக் காக்க விதித்த தடையையே அவர் தம் முயற்சிக்குத் தூண்டுகோலாகக் கொண்டார்.

1931இலே யப்பானியச் சேனை மஞ்சூரியாவைக் கைப்பற்றியது. மறு ஆண்டிலே மஞ்சுகுவோ என்னும் பெயரால் ஒரு பொம்மை அரசு நிறுவப்பட்டது. இஷீ வேண்டியவை இரண்டு: எவரும் கேள்வி கேளாத ஓர் இடம், எவரும் தேடிவராத மனிதர். இவ்விரண்டும் அவருக்கு மஞ்சூரியாவிலே வாய்த்தன. முதலில் ஹார்பினுக்கு அண்மையிலுள்ள பெய்யின்ஹே என்னும் ஊரிலே இரகசியச் சிறையும் ஆய்வுகூடமும் அமைக்கப்பட்டன. 1934இலே அங்கிருந்து கைதிகள் சிலர் தப்பியோடினர். இரகசியம் வெளிப்படலாம் என்ற அச்சத்தினால் அவ்விடம் கைவிடப்பட்டது. 1936இலே சக்கரவர்த்தியின் ஆணைப்படி இப்பிரிவு சேனையின் அங்கமாயிற்று. அதன் பின்னரே பிங்ஃபாங்கில் நிலையான கட்டடங்கள் எழலாயின.

அங்கே அடைக்கப்பட்டோர் யாவர்? பெரும்பாலார் சீனர். ரூசியரும், கொரியரும், மங்கோலியரும் அவர்களுள் இருந்தனர். யப்பானிய ஆட்சியை எதிர்த்தோர், ஒற்றர் எனச் சந்தேகிக்கப்பட்டோர், கம்யூனிஸ்டுகள், குற்றவாளிகள் எனப் பலதிறத்தார் ஆவர். கெம்பேய்தாய் எனப்படும் இராணுவப் பொலிசார் இவர்களைப் பிடித்து, ‘விசேட மாற்றம்’ என்னும் கட்டளையின்கீழ் விசாரணை ஏதுமின்றிப் பிங்ஃபாங்குக்கு அனுப்பினர். சதுர வடிவான பெரிய கட்டடத்தின் நடு முற்றத்திலே, வெளியார் கண்ணுக்குப் புலப்படாதவாறு, 7, 8 என இலக்கமிட்ட இரு சிறைக்கூடங்கள் இருந்தன. உள்ளே சென்ற கைதிக்கு அன்றோடு பெயர் இல்லை, இலக்கமே உண்டு. 1940 முதல் 1945 வரை ஆண்டுதோறும் ஏறக்குறைய 600 பேர் கொண்டுவரப்பட்டனர் என்றும், 3,000 பேருக்குக் குறையாதோர் மாண்டனர் என்றும் இப்பிரிவின் உயர் அதிகாரிகளுள் ஒருவரான கவஷிமா கியோஷி பின்னர் நீதிமன்றத்திலே சாட்சியமளித்தார். இக்கைதிகளுள் உயிருடன் மீண்டவர் ஒருவரேனும் இருந்ததாகச் சான்று இல்லை.

கைதிகளின் உடலிலே கொள்ளை நோய், வாந்திபேதி, நெருப்புக் காய்ச்சல், அந்திராக்ஸ் முதலியவற்றின் கிருமிகள் ஏற்றப்பட்டன. நோய் படிப்படியாக முற்றுவதை வைத்தியர்கள் குறிப்பெடுத்தனர். நோய் உள்ளுறுப்புகளை எவ்வாறு தாக்குகிறது என்பதைக் காணும் பொருட்டு, உயிர் பிரியுமுன்னரே பலர் அறுத்துச் சோதிக்கப்பட்டனர். ஆந்தா என்னும் வெட்டவெளியிலே கைதிகளைக் கம்பங்களிற் கட்டி, கிருமி நிறைத்த குண்டுகளை அருகிலே வெடிக்கச் செய்தனர். மஞ்சூரியாவின் கடுங்குளிரிலே கைதிகளின் கைகளை வெறுமையாக வெளியே நீட்டுவித்து, அவை உறையும்வரை காத்திருந்தனர். சிறு தடியாற் தட்டும்போது பலகையைத் தட்டினாற் போன்ற ஓசை எழுமாயின், கை உறைந்துவிட்டது எனக் கொண்டனர். பின்னர் வெவ்வேறு சூட்டிலுள்ள நீரிலே அக்கைகளை அமிழ்த்தி, எது நன்மை தரும் என ஆராய்ந்தனர். உடற்சூட்டினும் சற்றே மிகுந்த வெந்நீரே தக்கது என்பது அவர்கள் கண்ட முடிவு. வடபுலத்திலே போர்புரியும் சேனைக்கு அது பயனுள்ள முடிவுதான். ஆயினும் அதன் பொருட்டு எத்தனை பேரின் கைகால்கள் அழுகி விழுந்தன என்பதை அம்முடிவு சொல்வதில்லை.

இந்த ஆராய்ச்சிகள் முற்றும் மறைத்து வைக்கப்பட்டவையும் அல்ல. 1944இலே இரத்தப்போக்குக் காய்ச்சல் பற்றி இப்பிரிவினர் யப்பானிய வைத்தியச் சஞ்சிகையொன்றிலே கட்டுரை வெளியிட்டனர். சோதனைக்கு உட்பட்டவை ‘குரங்குகள்’ என்று அதிலே கூறப்பட்டது. ஆனால், அக்கட்டுரையிற் காட்டிய உடற்சூட்டின் அளவு குரங்கினுடையதன்று, மனிதனுடையதே என்பதை வைத்திய அறிவுடையோர் எளிதில் உணர்ந்திருத்தல் கூடும். சிறையிலே மரக்கட்டை, சஞ்சிகையிலே குரங்கு. மனிதனை மனிதன் என்று சொல்லாதிருப்பதே அங்கு பணிபுரிந்தோர்க்கு அவசியமாயிற்று. அவர்களுட் பெரும்பாலார் பித்துப் பிடித்தோர் அல்லர். நல்ல பல்கலைக் கழகங்களிலே பட்டம் பெற்றோர், தம் இல்லங்களிலே பிள்ளைகளைப் பேணிய தந்தையர். இத்தகையோர் இத்தொழிலை நாள்தோறும் செய்தற்கு இச்சொற்கள் துணைநின்றன.

பிங்ஃபாங்கிலே விளைந்தது அதன் மதிலுக்குள் அடங்கி நிற்கவில்லை. 1940 ஒக்டோபர் 27ஆந் திகதி, கீழைக் கடற்கரையிலுள்ள நிங்போ நகரின் மீது யப்பானிய விமானமொன்று கோதுமை மணிகளைத் தூவியது. கொள்ளைநோய்க் கிருமி ஏற்றிய தெள்ளுகள் அவற்றோடு கலந்திருந்தன. சில தினங்களுக்குள் நோய் மூண்டது. நூற்றுக்கு மேற்பட்டோர் இறந்தனர். நோய் பரவாவண்ணம் நகரின் ஒரு பகுதியையே தீயிட்டு அழிக்க நேர்ந்தது. 1941 நவம்பர் 4ஆந் திகதி சாங்தே நகரிலும் அவ்வாறே நிகழ்ந்தது. அங்கே விரைந்து சென்ற சீன வைத்தியர் சென் வென்குவெய், இறந்தோர் உடலைச் சோதித்து, இது கொள்ளை நோயே என்றும், விமானத்திலிருந்து வீசப்பட்ட பொருள்களாலேயே வந்தது என்றும் அவ்வாண்டு டிசம்பரிலே அறிக்கை எழுதினார். ஒரே நோயைக் குறித்து இரு நாட்டு வைத்தியர் இருவேறு வகையிலே தம் கல்வியைப் பயன்படுத்தினர். 1942இலே சீன அரசாங்கம் இச்செய்தியை நேச நாடுகளுக்கு அறிவித்தது. அப்போது அதனைப் பொருட்படுத்தியோர் சிலரே.

1945 ஓகஸ்ட் 9ஆந் திகதி சோவியத் சேனை மஞ்சூரியாவினுட் புகுந்தது. பிங்ஃபாங்கிலே எஞ்சியிருந்த கைதிகள் அனைவரும் கொல்லப்பட்டு எரிக்கப்பட்டனர். கட்டடங்கள் வெடிவைத்துத் தகர்க்கப்பட்டன. கண்டதையும் செய்ததையும் கல்லறை வரை வெளியிடலாகாது எனத் தம்மவர்க்குக் கட்டளையிட்டு, இஷீ யப்பானுக்கு மீண்டார்.

இனி நிகழ்ந்ததே இவ்வரலாற்றின் இரண்டாம் அநீதி. யப்பானிலே நிலைகொண்ட அமெரிக்கர், 1945 முதல் 1947 வரை அடுத்தடுத்து நான்கு நிபுணர்களை அனுப்பி இஷீயையும் அவர் கூட்டத்தாரையும் விசாரித்தனர். 1947இலே சோவியத் நாடும் அவர்களை விசாரிக்க அனுமதி கோரியது. இரு வல்லரசுகளும் பகைகொள்ளத் தொடங்கிய காலம் அது. குற்றஞ்சாட்டப்படாதிருக்க உறுதி தந்தால் அறிந்தவை யாவும் உரைப்பதாக இஷீ பேரம் பேசினார். பேரம் ஏற்கப்பட்டது. அவ்வாண்டு டிசம்பரிலே எட்வின் ஹில் என்னும் அமெரிக்க நிபுணர் தம் அறிக்கையிலே, இத்தகைய விபரங்களைத் தம் நாட்டு ஆய்வுகூடங்களிலே பெறுதல் இயலாது. மனிதரைச் சோதனைக்கு உட்படுத்த அங்கு மனச்சாட்சி இடந்தராது என்னும் கருத்துப்பட எழுதினார். தாம் செய்யக் கூசியதைப் பிறர் செய்து வைத்திருந்தமையால், அதனைப் பெற்றுக்கொள்ள அவர்கள் கூசவில்லை.

அதே காலத்திலே ஜெர்மனியின் நியூரம்பேர்க் நகரிலே நடந்தது யாது? மனிதர்மீது கொடிய சோதனைகள் நடத்தியமை முதலிய குற்றங்களுக்காக வைத்தியர்களும் அதிகாரிகளுமாக 23 பேர் 1946 டிசம்பரிலே அமெரிக்க நீதிபதிகளின் முன் நிறுத்தப்பட்டனர். எழுவர் தூக்கிலிடப்பட்டனர். சோதனைக்கு உட்படுபவரின் சம்மதம் இன்றியமையாதது என்னும் நியதி அவ்வழக்கின் தீர்ப்பிலேயே பிறந்தது. யப்பானிலுங்கூட, 1945இலே கியூஷு பல்கலைக் கழகத்திலே அமெரிக்க விமானப்படையினர் எண்மர் அறுத்துக் கொல்லப்பட்ட குற்றம் 1948இலே யொக்கொகாமாவில் விசாரிக்கப்பட்டு, 23 பேர் தண்டனை பெற்றனர். ஐவர்க்கு மரணதண்டனை விதிக்கப்பட்டது. ஆயினும் அது நிறைவேற்றப்படவில்லை. ஆகவே, இக்குற்றத்தை விசாரிக்கும் சட்டம் இல்லாமலில்லை. பிங்ஃபாங்கிலே மாண்டவர்க்காகப் பேச, வெற்றிபெற்ற மேலைநாடுகளுள் எவரும் முன்வரவில்லை என்பதே உண்மை. 1946 முதல் 1948 வரை நடந்த தோக்கியோ விசாரணையிலே 731ஆம் பிரிவினர் எவரும் குற்றவாளிக் கூண்டில் ஏற்றப்படவில்லை.

சோவியத் நாடு மாத்திரம் தன் கையில் அகப்பட்ட பன்னிருவரை 1949 டிசம்பரிலே கபரோவ்ஸ்க் நகரில் விசாரித்தது. குவாந்துங் சேனாதிபதி யமதா ஒத்தொசோவும் அவருள் ஒருவர். இரண்டாண்டு முதல் இருபத்தைந்தாண்டு வரை சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது. 1956இற்குள் எஞ்சியோர் யாவரும் விடுதலை பெற்றனர். அவ்வழக்கின் ஏடுகள் அடுத்த ஆண்டிலேயே பல மொழிகளில் வெளியிடப்பட்டன. மேலை நாடுகள் அவற்றை வெறும் பிரசாரம் என்று ஒதுக்கின. அவற்றிலே கூறப்பட்டவை பெரும்பாலும் உண்மையே எனப் பிற்கால ஆவணங்கள் நிரூபித்தன.

இஷீ 1959இலே தொண்டைப் புற்றுநோயினால் இறந்தார். ஒரு நாளேனும் அவர் நீதிமன்றத்தில் நின்றாரல்லர். அவருடைய சகாக்கள் பலர் பேராசிரியராகவும் வைத்திய அதிகாரிகளாகவும் உயர்ந்தனர். குளிர்ச் சோதனைகளை நடத்திய யொஷிமுரா ஹிசாத்தோ, கியோத்தோ மாகாண வைத்தியப் பல்கலைக் கழகத்தின் தலைவரானார்.

யப்பானிலே இம்மௌனத்தைக் கலைத்தோர் யப்பானியரே. 1981இலே மொரிமுரா செய்ச்சி என்னும் நாவலாசிரியர் எழுதிய நூல் நாடெங்கும் வாசிக்கப்பட்டது. 1989இலே தோக்கியோவில் பழைய இராணுவ வைத்தியக் கல்லூரி இருந்த நிலத்தைத் தோண்டியபோது பலருடைய மனித எலும்புகள் வெளிப்பட்டன. வரலாற்றாசிரியர் இயெனாகா சபுரோ எழுதிய பாடநூலிலிருந்து 731ஆம் பிரிவு பற்றிய பகுதியை நீக்குமாறு கல்வி அமைச்சு பணித்திருந்தது. அப்பணிப்புச் சட்டவிரோதமானது என 1997இலே உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2002இலே 180 சீனர் தொடுத்த வழக்கிலே, கிருமி யுத்தம் நிகழ்ந்தது உண்மையே எனத் தோக்கியோ மாவட்ட நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது. ஆயினும் நட்டஈடு வழங்க மறுத்தது. மேல்முறையீடும் 2007இலே தள்ளுபடியாயிற்று.

2018ஆம் ஆண்டிலே யப்பானியத் தேசிய சுவடிக்கூடம், 731ஆம் பிரிவிலே பணியாற்றிய 3,607 பேருடைய பெயர்ப் பட்டியலை வெளியிட்டது. வைத்தியர் முதல் தாதியர், சிப்பாய்கள் வரை ஒவ்வொருவரும் பெயரோடு அதிலே பதியப்பட்டுள்ளனர். அவர்களாற் கொல்லப்பட்டோர்க்கோ அத்தகைய பட்டியல் இல்லை. சிறையின் ஏடுகள் 1945 ஓகஸ்டிலே தீயிடப்பட்டன. எனினும், கெம்பேய்தாய்ப் பொலிசார் கைதிகளை ‘விசேட மாற்றம்’ செய்தபோது எழுதிய பத்திரங்களுள் ஒரு பகுதி சீனச் சுவடிக்கூடங்களிலே அகப்பட்டது. ஒவ்வொரு பத்திரத்திலும் ஒருவருடைய பெயரும், வயதும், பிறந்த ஊரும், தொழிலும் எழுதப்பட்டுள்ளன. சிறைவாயிலைக் கடக்குமுன் அவர்களை மனிதராகப் பதிந்த கடைசி எழுத்து அதுவே. அவற்றைக் கொண்டு, பல ஆண்டுகளாகத் தந்தைக்கு நேர்ந்தது யாதென அறியாதிருந்த பிள்ளைகள் சிலர் விடையறிந்தனர். பிங்ஃபாங்கிலே, தகர்க்கப்பட்ட கொதிகலன் நிலையத்தின் புகைபோக்கிகள் இரண்டு இன்றும் நிற்கின்றன. அவற்றின் அருகிலுள்ள நூதனசாலையிலே, இவ்வாறு மீட்கப்பட்ட பெயர்கள் பொறிக்கப்பட்டுள்ளன. மாண்டோருள் மிகச் சிலருக்கே அப்பேறு கிட்டியது.