களம் கண்ட காரிகையர் – 9: மிதாலியின் நெடிய ஆட்டம்

சென்னையில் பிறந்த சாந்தா ரங்கசாமி 1976ஆம் ஆண்டு பாட்னா மைதானத்தில் மேற்கிந்தியத் தீவுகளின் மகளிர் அணியைத் தோற்கடித்து, இந்தியப் பெண்களுக்கு முதல் டெஸ்ட் வெற்றியைத் தேடித் தந்த வரலாற்றைச் சென்ற வாரம் பார்த்தோம். அவ்வெற்றிக்குப் பின் இருபது ஆண்டுகளுக்கு மேல் கழிந்தும், பெண்கள் ஆடும் கிரிக்கெட் என ஒன்று இத்தேசத்தில் உண்டு என்பதே ஜனங்களில் பெரும்பாலோருக்குத் தெரியாமலிருந்த காலத்தில், பதினாறு வயதில் ஆடப் புகுந்து, முப்பத்தொன்பது வயது வரை மட்டையைக் கீழே வைக்காதிருந்த மிதாலி ராஜ் என்ற பெண்மணியின் வரலாறு இவ்வாரத்துக்கு உரியது.

காளஹஸ்தியிலிருந்து இத்தொடரை எழுதுகிறவனுக்கு மிதாலியை அயலாராக எண்ணத் தோன்றுவதில்லை. 1911இல் சித்தூர் ஜில்லா தனியாகப் பிரிக்கப்படும் வரை வட ஆற்காட்டோடு ஒட்டிக் கிடந்த சீமை எங்களுடையது. வீட்டுக்குள் தமிழும் வீதியில் தெலுங்குமாக வாழும் குடும்பங்கள் சுவர்ணமுகி ஆற்றங்கரையில் இன்றும் பல உண்டு. தமிழ்த் தாய் தந்தையருக்கு 1982 டிசம்பர் 3ஆம் தேதி ராஜஸ்தானத்து ஜோத்பூரில் பிறந்து, தெலுங்கு நாட்டுச் செகந்திராபாத்தில் வளர்ந்து, அம்மண்ணின் பெருமையாகவே அறியப்பட்டவர் மிதாலி.

தந்தை துரைராஜ் விமானப் படையில் உத்தியோகம் பார்த்தவர். விடியற்காலையில் எழுவதும் காலந்தவறாமல் காரியமாற்றுவதும் சுபாவமாகிப் போன அந்த மனிதருக்கு, மகள் வெயில் ஏறும் வரை உறங்குவது பொறுக்கவில்லை. ஆகவே, கிரிக்கெட் பயிற்சிக்குச் செல்லும் தமையன் மிதுனுடன் அவளையும் அனுப்பிவைத்தார். மகளைப் பெரிய ஆட்டக்காரியாக்கும் உத்தேசம் அவருக்கு அப்போது இருந்ததாகத் தெரியவில்லை. சோம்பல் போனால் போதும் என்பதே எண்ணம். மைதானத்தின் ஓரத்தில் பாடப் புத்தகத்தோடு உட்கார்ந்திருந்த சிறுமி விளையாட்டாய் மட்டையைத் தூக்கிப் பந்தை அடித்ததைக் கவனித்த பயிற்சியாளர் ஜோதி பிரசாத், தமையனைக் காட்டிலும் தங்கையிடமே விஷயம் இருக்கிறது என்று தந்தைக்குச் சொல்லி, சம்பத் குமார் என்ற கண்டிப்பான ஆசானிடம் அவளை ஒப்படைக்கச் செய்தார். பரதநாட்டியத்தில் பல ஆண்டு அப்பியாசம் செய்து, அதையே வாழ்க்கையாக்கிக்கொள்ளலாம் என்று எண்ணியிருந்த பெண், நாட்டியமா கிரிக்கெட்டா என்று தீர்மானிக்க வேண்டிய கட்டம் வந்தபோது சலங்கையைக் கழற்றிவைத்தாள். ஆசானும் வெகுநாள் இருக்கவில்லை. தம் சிஷ்யை தேசத்துக்காக ஆடுவதைக் காணுமுன்பே, 1997இல், சாலை விபத்தொன்றில் அவர் உயிர் நீத்தார். அவ்வாண்டு நடந்த உலகக் கோப்பைக்கான உத்தேச அணியில் பதினான்கே வயதான மிதாலியின் பெயர் இருந்தது; இறுதிப் பட்டியலில் இடம் பெறவில்லை.

இரண்டாண்டு கழித்து, 1999 ஜூன் 26ஆம் தேதி, இங்கிலாந்தின் மில்டன் கீன்ஸ் நகரில் அயர்லாந்துக்கு எதிராக அவர் முதன்முதலாகத் தேசத்தின் சார்பில் களமிறங்கினார். அன்று அவருடன் தொடக்க ஆட்டக்காரராக இறங்கிய ரேஷ்மா காந்திக்கும் அதுவே முதல் ஆட்டம். ஐம்பது ஓவர் முடிந்தபோது இந்தியா ஒரு விக்கெட்டும் இழக்காமல் 258 ஓட்டங்கள் எடுத்திருந்தது. மிதாலி 114, ரேஷ்மா 104, இருவரும் ஆட்டமிழக்கவில்லை. ஒருநாள் ஆட்டத்தில் சதமடித்த பெண்களில் மிக இளையவர் என்று அன்று அவர் பெற்ற கீர்த்தி, 2021இல் அயர்லாந்தின் ஏமி ஹண்டர் தம் பதினாறாவது பிறந்தநாளிலேயே சதமடிக்கும் வரை, இருபத்திரண்டு ஆண்டுகள் அவரிடமே நிலைத்திருந்தது.

இத்தகைய பிரவேசத்துக்குப் பின் என்ன நேர்ந்திருக்க வேண்டும் என்று வாசகர் எண்ணுவாரோ, அது ஒன்றும் நேரவில்லை. 1973இல் தோன்றிய இந்திய மகளிர் கிரிக்கெட் சங்கம், செல்வாக்கோ பெருநிதியோ இல்லாமல், ஆர்வலர் சிலரின் பிரயாசையால் ஓடிக்கொண்டிருந்த ஸ்தாபனம். தேசிய அணியில் ஆடும் பெண்கள் மட்டைகளையும் மூட்டைகளையும் சுமந்துகொண்டு ரயிலில் இரண்டாம் வகுப்பில் பிரயாணம் செய்து, பொதுக் கூடங்களில் படுத்துறங்கி, மறுநாள் ஆடுவார்கள். பிழைப்புக்கு வழி பெரும்பாலும் ரயில்வே உத்தியோகம்தான். மிதாலியும் ரயில்வே அணிக்காகவே நெடுங்காலம் ஆடினார். பத்திரிகைகளுக்கு ஸ்கோர் விவரம் கிடைத்தால் அதிர்ஷ்டம். தொலைக்காட்சியோ அந்தத் திசைக்கே வருவதில்லை.

2002 ஜனவரியில், லக்னோவில் இங்கிலாந்துக்கு எதிராக ஆடிய முதல் டெஸ்டில் அவர் பூஜ்யத்தில் ஆட்டமிழந்தார். அதே ஆண்டு ஆகஸ்டில், தம்முடைய மூன்றாவது டெஸ்டில், அதே இங்கிலாந்தின் டான்டன் மைதானத்தில், 400க்கும் மேற்பட்ட பந்துகளைச் சந்தித்து அவர் எடுத்த 214 ஓட்டங்கள், ஆஸ்திரேலியாவின் கேரன் ரோல்டன் ஓராண்டுக்கு முன் அடித்திருந்த 209ஐக் கடந்து, பெண்கள் டெஸ்டில் அதுவரை எவரும் எட்டாத எண்ணிக்கையாயிற்று. அவருக்கு அப்போது வயது பத்தொன்பது. எங்கள் ஊர்க் கலம்காரிக்காரர், காடாத் துணியைக் கடுக்காய்ப் பொடியும் எருமைப் பாலும் கலந்த நீரில் ஊறவைத்து உலர்த்தி, இரும்புத் துண்டுகளை வெல்லத்தோடு புளிக்கவைத்து எடுத்த கறுப்பு மையில் மூங்கில் எழுதுகோலைத் தோய்த்துக் கோடு கோடாக இழுத்து, படிகாரம் பூசி, சாயத்தில் காய்ச்சி, ஆற்று நீரில் அலசி, மறுபடியும் முதல் வேலையைத் தொடங்குவாரே, அத்தகைய ஆட்டம் அது. எந்தக் கட்டத்திலும் அவசரம் காட்டினால் மை பரவித் துணி கெடும் என்பதை அறிந்த கையின் நிதானம் அதில் இருந்தது. அந்தச் சாதனையைப் பாகிஸ்தானின் கிரண் பலூச் 2004இல் 242 எடுத்து முறியடித்தார்.

2005இல் தென்னாப்பிரிக்காவில் நடந்த உலகக் கோப்பைக்கு இருபத்திரண்டு வயது மிதாலியே தலைவி. அரையிறுதியில் நியூஸிலாந்துக்கு எதிராக ஆட்டமிழக்காமல் 91 எடுத்து, இந்தியாவை முதன்முறையாக இறுதி ஆட்டத்துக்குக் கொண்டுபோனார். செஞ்சூரியனில் ஆஸ்திரேலியா 98 ஓட்ட வித்தியாசத்தில் வென்றது. உலகத்தில் இரண்டாம் இடம் பெற்ற அந்த அணிக்குக் கிடைத்த ஊதியம் ஆட்டத்துக்கு ஆயிரம் ரூபாய் என்று அவரே பின்னாளில் ஒரு பேட்டியில் சொல்லியிருக்கிறார். அடுத்த ஆண்டு அவருடைய தலைமையில், அதே டான்டனில், இங்கிலாந்தை அதன் சொந்த மண்ணில் வென்று டெஸ்ட் தொடரையும் இந்தியா கைப்பற்றியது.

2006ஆம் ஆண்டு மகளிர் கிரிக்கெட்டின் நிர்வாகம், ஆண்கள் ஆட்டத்தை நடத்திவந்த இந்தியக் கிரிக்கெட் வாரியத்தின் கைக்கு மாறியது. நல்ல மைதானம், நல்ல தங்குமிடம், விமானப் பிரயாணம் முதலிய அனுகூலங்கள் மெல்ல மெல்ல வந்தன என்பதை மறுப்பதற்கில்லை. ஆனால் அந்த டான்டன் வெற்றிக்குப் பின், 2014 ஆகஸ்ட் வரை, ஏறக்குறைய எட்டு ஆண்டுகள், இந்தியப் பெண்கள் ஒரு டெஸ்ட் ஆட்டம்கூட ஆடவில்லை. மிதாலிக்கு இருபத்து மூன்று வயது முதல் முப்பத்தொன்று வரை, அதாவது ஒரு மட்டையாளரின் கையும் கண்ணும் அறிவும் ஒருசேர முதிர்ந்து நிற்கும் பருவம் முழுவதும், வெறுமனே கழிந்தது. அந்த நெடிய இடைவெளிக்குப் பின் வார்ம்ஸ்லியில் இங்கிலாந்தை எதிர்கொண்ட அணியில் எட்டுப் பேருக்கு அதுவே முதல் டெஸ்ட். அப்படியிருந்தும் அவர்களை நடத்திச் சென்று, தாமும் ஆட்டமிழக்காமல் அரைச் சதம் எடுத்து, மிதாலி வென்றார். அதே ஆண்டு மைசூரில் மற்றொரு டெஸ்ட். அதன் பின் 2021 வரை மறுபடியும் இடைவெளி. சச்சின் டெண்டுல்கர் 200 டெஸ்ட் ஆடிய தேசத்தில், பத்தொன்பது வயதில் உலகச் சாதனை படைத்த பெண்ணுக்குக் கிடைத்தவை மொத்தம் பன்னிரண்டு.

இதன் பொருளை உணர, வடகோடியிலுள்ள ஒரு சிறு தேசத்தைப் பார்ப்பது தகும். மிதாலி 214 எடுத்த அதே 2002ஆம் ஆண்டில், நார்வே நாட்டின் மகளிர் கைப்பந்தாட்ட (ஹேண்ட்பால்) அணியில் கோல் காவலராகச் சேர்ந்தவர் காத்ரினே லுண்டே. அணிக்கு ஏழு பேராக உள்ளரங்கில் ஆடப்படும் அவ்வாட்டத்தில், ஐரோப்பியப் போட்டியும் உலகப் போட்டியும் மாறி மாறி ஆண்டுக்கு ஒன்றாக வரும். மாரிட் பிரைவிக் என்ற பெண்மணி 1994 முதல் 2009 வரை ஒரே பயிற்சியாளராக நின்று, 13 பெரும் பதக்கங்களை அந்த அணிக்குப் பெற்றுத் தந்தார். லுண்டேயும் 2008, 2012, 2024 ஆகிய மூன்று ஒலிம்பிக்குகளில் தங்கம் வென்றார். கடைசித் தங்கத்தின்போது வயது நாற்பத்து நான்கு. அவருடைய ஆற்றலைக் குறைத்துச் சொல்வது நோக்கமன்று. ஆனால் அவர் காலையில் எழுந்தால் ஆடுவதற்கு அரங்கம் இருந்தது, ஆண்டு முடிவதற்குள் போட்டி இருந்தது, அவருக்கு முன்னும் பின்னும் வரிசை இருந்தது. மிதாலிக்கோ, தாம் ஆடிக்கொண்டே இருந்தால்தான் அந்த வரிசை அறுபடாமலிருக்கும் என்ற நிலைமை. லுண்டேயை ஒரு ஸ்தாபனம் தாங்கியது. இங்கே ஓர் ஆட்டக்காரியின் நீடித்த சிரத்தை, ஸ்தாபனம் கண் விழிக்கும் வரை ஆட்டத்தைத் தாங்கியது.

அது கண் விழித்த ஆண்டு 2017. இங்கிலாந்தில் நடந்த உலகக் கோப்பையின் முதல் ஆட்டம் டெர்பியில். தொடக்க ஜோடி ஆடிக்கொண்டிருக்க, அடுத்து இறங்க வேண்டிய தலைவி, காலில் காப்பணிந்து, எல்லைக்கோட்டருகே நாற்காலியில் அமர்ந்து, பாரசீகக் கவி ரூமியின் நூலொன்றைப் படித்துக்கொண்டிருந்ததைப் புகைப்படக்காரர் படமெடுத்துவிட்டார். மின்னூல் கருவியை உள்ளே கொண்டுசெல்ல அனுமதியில்லாததால் அணியின் பயிற்சியாளர் ஒருவரிடம் இரவல் வாங்கிய புத்தகம் அது. அதை மூடிவைத்துவிட்டு எழுந்து போய் அவர் எடுத்தது 71; ஒருநாள் ஆட்டங்களில் தொடர்ச்சியாக ஏழாவது அரைச் சதம், வேறெவரும் செய்யாதது. ஜூலை 12ஆம் தேதி பிரிஸ்டலில், இங்கிலாந்தின் ஷார்லட் எட்வர்ட்ஸ் எடுத்திருந்த 5,992 ஓட்டங்களைக் கடந்து, ஆறாயிரத்தைத் தொட்ட முதல் பெண்மணியானார். ஜூலை 23ஆம் தேதி, லார்ட்ஸ் மைதானத்தில், 229 எடுத்தால் கோப்பை என்ற நிலையில், மூன்று விக்கெட்டுக்கு 191 என்று திடமாக நின்ற இந்தியா, ஆன்யா ஷ்ரப்சோலின் பந்துவீச்சில் 28 ஓட்டங்களுக்குள் ஏழு விக்கெட்டுகளை இழந்து, ஒன்பது ஓட்டத்தில் தோற்றது. தோற்றுத் திரும்பிய அணியை விமான நிலையத்தில் ஜனத்திரள் வரவேற்றது. 2005இல் தோற்றவர்களுக்கு அப்படி நேரவில்லை.

அவர்மீது ஆக்ஷேபமே எழவில்லை என்று சொன்னால் அது சரித்திரமாகாது. காலம் வேகத்தைக் கேட்கத் தொடங்கியபோது அவருடைய ஆட்டம் மந்தமானது என்றனர். 2018இல் இருபது ஓவர் உலகக் கோப்பையின் அரையிறுதியில் அவரை உட்காரவைத்த தீர்மானம் பெரும் சர்ச்சையாயிற்று. விமர்சனத்தில் நியாயம் ஓரளவு உண்டு. ஆனால் மறுமுனையில் நம்பிக்கையான துணை பெரும்பாலும் இல்லாத ஓர் அணியில், தாம் போனால் அனைத்தும் போயிற்று என்ற பொறுப்போடு இளமை முழுவதும் ஆடிய கைக்கு, நிதானம் வெறும் விருப்பமாக அன்றிக் கடமையாகவே படிந்துவிட்டது என்பதையும் சேர்த்தே எடைபோட வேண்டும்.

2022 மார்ச் 27ஆம் தேதி, கிறைஸ்ட்சர்ச்சில் தென்னாப்பிரிக்காவுக்கு எதிராக 68 ஓட்டங்கள் எடுத்தும், கடைசிப் பந்தில் தோற்று இந்தியா உலகக் கோப்பையிலிருந்து வெளியேறிய ஆட்டமே அவருடைய கடைசி ஆட்டம். ஜூன் 8ஆம் தேதி ஓய்வை அறிவித்தார். ஆறு உலகக் கோப்பைகள். 232 ஒருநாள் ஆட்டங்களில் 7,805 ஓட்டங்கள், சராசரி 50.68, மூவகை ஆட்டங்களிலும் சேர்த்து 10,868, தலைமை தாங்கிய ஒருநாள் ஆட்டங்கள் 155. அர்ஜுனா, பத்மஸ்ரீ, கேல் ரத்னா ஆகிய விருதுகள் அவரை வந்தடைந்தன.

அவர் விலகிய நான்கே மாதத்தில் ஆண்களுக்கும் பெண்களுக்கும் ஆட்ட ஊதியம் சமமாயிற்று. மறு ஆண்டு மகளிர் பிரீமியர் லீக் தொடங்கி, கோடிகளில் ஏலம் நடந்தது. 2025 நவம்பர் 2ஆம் தேதி நவி மும்பையில் தென்னாப்பிரிக்காவை வென்று இந்தியப் பெண்கள் உலகக் கோப்பையைப் பெற்றபோது, அந்தக் கோப்பையைக் கொண்டுவந்து அன்றைய அணியினர் முன்னோடிகள் கையில் கொடுத்தனர். வாங்கியவர்களில் மிதாலியும் ஒருவர். அவ்வணியில் 14 விக்கெட்டுகள் எடுத்த இடக்கைச் சுழற்பந்து வீச்சாளர் ஸ்ரீசரணி எங்கள் அண்டை மாவட்டமாகிய கடப்பையைச் சேர்ந்தவர். ராயலசீமையின் ஒரு கிராமத்துப் பெண், கிரிக்கெட்டை ஜீவனோபாயமாகக் கொள்ளலாம் என்று துணிவதற்கு, அப்படி ஒரு வழி இருப்பதைப் பிறர் கண்ணில் படும்படி இருபத்திரண்டு ஆண்டுகள் ஒருவர் நடந்து காட்ட வேண்டியிருந்தது. மிதாலியின் ஓட்டங்களை வருங்காலத்தில் யாரேனும் முறியடிக்கக்கூடும், அது முறையும்கூட; ஆனால் யாரும் பார்க்காத ஆண்டுகளிலும், பார்க்கிற ஆண்டுகளில் ஆடுவது போலவே ஆடினார் என்ற சிறப்பு எந்த எண்ணிக்கையாலும் முறியாதது.

மிதாலி தம் முதல் உலகக் கோப்பைக்கு ஆயத்தமாகிக்கொண்டிருந்த 2000ஆம் ஆண்டில், ஸ்ரீகாகுளம் சீமையில் வளர்ந்த மற்றொரு பெண், சிட்னி நகரில் 240 கிலோ எடையைத் தூக்கி, ஒலிம்பிக் பதக்கம் பெற்ற முதல் இந்தியப் பெண்மணியானார். கர்ணம் மல்லேஸ்வரியின் வரலாற்றை அடுத்த வாரம் பார்ப்போம்.

(தொடரும்)