முதல் கதாநாயகி என்பதற்கு அப்பால்: டி.பி.ராஜலட்சுமி

அரியலூர்ப் பக்கத்தில் திருவையாறு அயலூர் அன்று. பங்குனியில் திருமழபாடியில் நடக்கும் நந்தி திருமணத்துக்கு ஐயாறப்பர் கொள்ளிடத்தைக் கடந்து இக்கரைக்கு வருகிறார். அந்தத் திருவையாற்றில் 1911 இல் பிறந்தவர் டி.பி.ராஜலட்சுமி. தமிழ் பேசும்படத்தின் முதல் கதாநாயகி என்ற ஒற்றை வரியில் அவரை நாம் நினைவில் வைத்திருக்கிறோம். அவர் எழுதியவர், இயக்கியவர் என்பது அந்த வரிக்குள் அடங்கிப்போய்விட்டது.

சிறுவயதிலேயே செய்து வைக்கப்பட்ட திருமணம் நிலைக்கவில்லை. தந்தையும் மறைந்தபின் தாயுடன் திருச்சிக்குப் பெயர்ந்தார். அன்றைக்குப் பெரம்பலூரும் அரியலூரும் உள்ளடங்கிய மாவட்டத்தின் தலைநகர் அது. நாடகம் நிலைத்த தொழிலாயிருந்த ஊர். அங்கே சங்கரதாஸ் சுவாமிகளின் ஆதரவில் மேடையேறினார். பெண் வேடங்களையும் ஆண்களே பெரும்பாலும் புனைந்துவந்த காலத்தில், வைதிகக் குடும்பத்துச் சிறுமி ஒருத்தி மேடையேறியது சிறிய செய்தியன்று.

31.10.1931 அன்று வெளியான ‘காளிதாஸ்’, தமிழும் தெலுங்கும் கலந்து ஒலித்த படம். பம்பாயில் தயாரான இப்படத்தில், மகாகவியின் கதைக்கு நடுவே தியாகராஜ கீர்த்தனைகளும் காந்தியைப் போற்றும் பாடலும் இடம்பெற்றன. கதைக்கும் பாட்டுக்கும் தொடர்பில்லை என்று இன்று நகைக்கலாம். திருவையாற்றுச் சங்கீதமும் விடுதலைப் போராட்டமும் அன்றைய நாடக மேடையில் ஒருங்கே இருந்தன. அவ்வாறே திரைக்கும் வந்தன என்பதே சரியான விளக்கமாகும். 1933 இல் ‘வள்ளி திருமணம்’ பெருவெற்றி பெற்றது. ‘சினிமா ராணி’ என்றே அவரை அழைத்தார்கள்.

நம் கவனத்துக்குரியது இனி வருவது. ராஜலட்சுமி ‘கமலவல்லி’ என்றொரு நாவல் எழுதியிருந்தார். அதனை அடியொற்றி, 1936 இல் தமது சொந்த நிறுவனத்தின் சார்பில் ‘மிஸ் கமலா’ படத்தை எழுதி, இயக்கி, நடித்தார். தென்னிந்தியாவில் படம் இயக்கிய முதல் பெண் அவரே. இந்திய அளவில் அவருக்கு முன்னோடி, 1926 இல் இயக்கிய ஃபாத்மா பேகம். ஒருவனைக் காதலிக்கும் பெண் வேறொருவனுக்கு மணம் செய்துவைக்கப்படுகிறாள். உண்மையறிந்த கணவன் அவளைக் காதலனோடு சேர்த்துவைக்க முனைகிறான். குழந்தை மணத்தைத் தடுக்கும் சாரதா சட்டம் நடைமுறைக்கு வந்தது 1930 இல். அத்தகைய மணத்தின் துயரைத் தாமே அறிந்த ஒரு பெண், தாலியைவிட மனத்தின் இசைவே பெரிது என்று 1930களிலேயே கதை சொன்னார். இதைத் திரைத்துணிச்சல் என்பதோடு நில்லாமல், இலக்கியத் துணிச்சல் என்றும் சொல்ல வேண்டும். வை.மு.கோதைநாயகி அம்மாளைப் பேசும் நாவல் வரலாறு ராஜலட்சுமிக்கும் ஒரு பத்தி ஒதுக்க வேண்டாமா?

ஒப்பீட்டுக்கு பிரான்ஸைப் பார்க்கலாம். ஊமைப்பட நட்சத்திரமான மியூசிடோராவும் கதை எழுதினார், படம் இயக்கினார். இறுதிக்காலத்தில் அவர் பணியாற்றிய இடம் பாரிஸின் திரைப்படக் காப்பகம். 1920களில் அவர் எடுத்த படங்களுள் சில இன்றும் திரையிடப்படுகின்றன. இங்கே நிலைமை வேறு. புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் தொடங்கியது 1964 பிப்ரவரியில். அதே ஆண்டு ஆகஸ்டில் ராஜலட்சுமி மறைந்தார். ‘காளிதாஸ்’, ‘மிஸ் கமலா’ இரண்டின் பிரதிகளும் இன்று இல்லை.

பின்னர் பானுமதி ‘சண்டிராணி’யை (1953) மூன்று மொழிகளில் இயக்கினார், சாவித்திரி ‘குழந்தை உள்ளம்’ (1969) தந்தார். அவற்றை நாம் பார்க்கலாம், குறை சொல்லலாம், பாராட்டலாம். ராஜலட்சுமியின் படத்துக்கு அந்த வாய்ப்பு இல்லை. அவரை மதிப்பிட அவருடைய எழுத்தே துணை. பழைய வீடுகளின் பரணில் அக்காலத்துப் பாட்டுப் புத்தகங்களும் நாவல்களும் இன்னும் கிடக்கின்றன. வாசகர்கள் அவற்றை எடைக்குப் போடும் முன் ஒருமுறை புரட்டிப் பார்க்க வேண்டுகிறேன்.