சதுப்பின் விலை: முத்துராஜவெலயும் அரசின் கணக்கும்

ஒரு நிலத்தை அரசு எக்கண் கொண்டு நோக்குகின்றது என்பதை, அந்நிலத்துக்கென அது அமைக்கும் நிறுவனத்தின் பெயரே காட்டிவிடுவதுண்டு. 1968ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கச் சட்டம், கொழும்பு மாவட்டத்தின் தாழ்நிலங்களை மீட்டு அபிவிருத்தி செய்வதற்கென ஒரு சபையை நிறுவியது. ‘மீட்டல்’ என்ற சொல் இங்குக் கவனிக்கத்தக்கது. யாரிடமிருந்து மீட்பது? நீரிடமிருந்து என்பதே விடை. சதுப்பு என்பது நீர் கவர்ந்துகொண்ட நிலம். மண்ணிட்டு நிரப்பினாலன்றி அதனால் பயனில்லை என்ற எண்ணமே அச்சட்டத்தின் அடித்தளமாகும். 1982இல் அச்சபை கூட்டுத்தாபனமெனப் புதுப்பெயர் பெற்றபோதும் ‘மீட்டல்’ நீங்கவில்லை. அதே ஆண்டில்தான் தியவன்னாச் சதுப்பின் நடுவே எழுப்பப்பட்ட புதிய பாராளுமன்றமும் திறந்துவைக்கப்பட்டது.

இந்நோக்கு 1968இல் பிறந்ததன்று. கொழும்புக்கு வடக்கே, களனி கங்கைக்கும் நீர்கொழும்புக் களப்புக்கும் இடையே ஏறத்தாழ 3000 ஹெக்டேயர் பரப்பிற் கிடக்கும் முத்துராஜவெல இதற்குத் தக்க சான்று. ‘வெல’ என்பது சிங்களத்தில் வயலைக் குறிக்கும். கோட்டை அரசர் காலத்தில் இங்கு நெல் விளைந்தது என்பது மரபு. ஒல்லாந்தர் காலக் கால்வாய்களின் வழியே கடல்நீர் உட்புகுந்து அவ்வயல்களை உவராக்கிற்று. ஆங்கிலேயர் 1802இல் தொடங்கி 1804இல் வெட்டி முடித்த ஹமில்ற்றன் கால்வாய், அந்த உவர்நீரை வெளியேற்றும் நோக்குடையது. நெல் மீளவில்லை. ஆயினும், வயலாகாத இந்நிலம் வீண்நிலம் என்ற தீர்ப்பு மட்டும் அரச ஏடுகளில் நெடுங்காலம் நிலைத்துவிட்டது. அக்காலமெல்லாம் அங்கு மீன்பிடித்தும் விறகு வெட்டியும் வாழ்ந்த மக்களுக்கு அது வீண்நிலமாகத் தோன்றியிராது என்பதைச் சொல்லவும் வேண்டுமோ?

மாற்றம் 1990ஐ ஒட்டித் தொடங்குகின்றது. 1971இல் ஈரானின் றாம்சார் நகரிற் கைச்சாத்தான ஈரநில உடன்படிக்கையில் இலங்கை 1990இல் இணைந்தது. புந்தல அதன் முதலாவது றாம்சார் தலமாயிற்று. முத்துராஜவெலக்கு 1991இல் ஒரு பெருந்திட்டம் வகுக்கப்பட்டது. 1996இல் அதன் வடபகுதி சரணாலயமாக வர்த்தமானியில் அறிவிக்கப்பட்டது. எனினும் நிதியமைச்சுகளுக்கு விளங்கும் மொழி இலக்கமே. அம்மொழியிற் சதுப்பைப் பேசவைத்தது, 2003இல் இயற்கைப் பாதுகாப்புக்கான சர்வதேச ஒன்றியம் வெளியிட்ட மதிப்பீடு. முத்துராஜவெல ஆண்டுதோறும் ஆற்றும் சேவைகளின் பெறுமதி ஏறத்தாழ 80 இலட்சம் அமெரிக்க டொலர் என்று அது கணித்தது.

இத்தொகையினும் அதன் உட்பிரிவுகளே வரலாற்று மாணவனுக்குச் சுவையானவை. ஏறத்தாழ 54 இலட்சம் டொலர், அதாவது மூன்றில் இரு பங்கு, வெள்ளந் தணித்தலுக்கு உரியது. ஆலைக் கழிவுநீரைத் தூய்மையாக்குவதற்கு 18 இலட்சம். சதுப்பினுள்ளே நிகழும் மீன்பிடியும் விறகும் சேர்ந்து ஒன்றரை இலட்சத்தைச் சற்றே தாண்டுகின்றன. வெள்ளந் தணித்தலின் பெறுமதி, சதுப்பு இல்லாவிடின் அதே பணியைச் செய்ய வடிகாலும் நீரேற்று நிலையமும் அமைக்க எவ்வளவு செலவாகும் என்ற வினாவிலிருந்து பெறப்பட்டது. முறை பிழையன்று. ஆனால் அது அளப்பது, சதுப்பை அண்டி எழுந்த நகரின் தேவையையே. விறகு சுமக்கும் பெண்ணுக்குச் சதுப்பு வாழ்வாதாரம் முழுவதுமாக இருக்கலாம். கணக்கிலோ அவள் நூற்றுக்கு இரண்டினுள் அடங்கிவிடுகிறாள்.

இக்கணக்கின் வலிமையை மறுப்பதற்கில்லை. 2010 நவம்பரில் பெய்த பெருமழையில் பாராளுமன்ற வளாகமே நீரில் மூழ்கியது. சட்டமியற்றுவோரின் வாயிலுக்கே வந்த அவ்வெள்ளம், எந்த ஆய்வறிக்கையும் சாதிக்காததைச் சாதித்தது எனலாம். 2012இல் உலக வங்கியின் கடனுடன் தொடங்கிய பெருநகர அபிவிருத்தித் திட்டம், எஞ்சிய சதுப்புகளை வெள்ளத் தடுப்பின் உறுப்புகளாகக் கொண்டு காத்தது. 2018இல் கொழும்பு றாம்சார் ஈரநில நகரம் என்ற ஏற்பினைப் பெற்றது. மறுபுறம், 2003இன் மதிப்பீடு வெளிவந்து பத்தாண்டின்பின், 2013இல் திறக்கப்பட்ட கட்டுநாயக்க அதிவேக நெடுஞ்சாலை அதே முத்துராஜவெலயின் ஊடாகச் செல்கின்றது. சதுப்புக்கு விலை குறித்தால், அதனினும் பெரிய விலை கூறும் ஒன்று எதிரே வந்து நிற்கக்கூடும். 1996இன் வர்த்தமானி போன்ற சட்டத்தின் வரம்பு விலைக்கு அப்பாற்பட்டது. அவ்வரம்புக்குப் பதிலாக மதிப்பீட்டைக் கொள்வது அரசுக்கு வசதியாயினும் சதுப்புக்கு ஆபத்தானது என்பதே என் துணிபு.

நகரின் தேவையை அளவுகோலாகக் கொள்ளும் இம்முறையைத் தலைநகரை விட்டு விலகிய ஓர் ஈரநிலத்துக்குப் பொருத்திப் பார்த்தால் அதன் எல்லை புலனாகும். மன்னாரின் பெருநிலப் பக்கத்தே வங்காலைச் சரணாலயம் உள்ளது. உவர்ச் சேற்று நிலங்களும் கண்டலும் கடற்புல்லும் கொண்ட அதன் அருகே, வெள்ளத்திலிருந்து காக்கப்படவேண்டிய பெருநகரோ கழிவுநீர் விடும் ஆலைத் தொகுதியோ இல்லை. முத்துராஜவெலயின் கணக்கில் முதலிரு வரிகளாக நின்ற 72 இலட்சமும் இங்கு ஏறத்தாழ வெறுமையாகிவிடும். எஞ்சுவன மீனும், மேய்ச்சலும், வலசைப் பறவைகளுமே. வங்காலை றாம்சார் பட்டியலிற் சேர்ந்தது, பாராளுமன்றம் மூழ்கிய அதே 2010இல். அங்கு வந்து தங்கும் பல்லாயிரம் நீர்ப்பறவைகளைக் கொண்டே அது அத்தகுதியைப் பெற்றது. அதற்காக எவரும் வடிகாற் செலவைக் கணக்கிடவேண்டியிருக்கவில்லை.