நிழல் வித்தைக்காரர்களின் படை

மாயாஜாலக் கதைகளில் ஒரு ரகசிய மந்திரவாதிக் கூட்டம் வந்தாலே, அதுக்குள்ள ஆளுக்கொரு இலாகா இருக்கும். ஒரு கோஷ்டி பொய்யுருவம் காட்டும், ஒரு கோஷ்டி இல்லாத குரலைக் கேட்க வைக்கும், இன்னொண்ணு எதிரியோட காதுக்குள்ள பொய்யை ஓதும். கற்பனைன்னு நினைச்சுக்கிட்டே படிப்போம் இல்லையா? இரண்டாம் உலகப்போர்ல அமெரிக்க ராணுவம் இதே மாதிரி ஒண்ணை நிஜமாவே நடத்துச்சு மக்களே. ராணுவம் வெச்ச பேரு ‘23வது தலைமையகச் சிறப்புப் படை’. கேட்டா ஃபைல் தூக்கற ஆபீஸ் மாதிரி இருக்குல்ல? அதுதான் வேணும் அவங்களுக்கு. பின்னாளில் ஒட்டிக்கொண்ட பேரு ‘பேய்ப்படை’.

1944 ஜனவரியில் ஆரம்பிச்சாங்க. மொத்தம் சுமார் 1,100 பேர். இந்த 1,100 பேர் எதிரி கண்ணுக்கு 30,000 பேராத் தெரியணும், அதுதான் வேலை.

உருவம் காட்டற பிரிவுதான் பெருசு, 379 பேர். ஓவியர்கள், விளம்பரக்காரங்க, கலைக்கல்லூரிப் பசங்க. பின்னாளில் ஃபேஷன் உலகத்துல பேர் வாங்கின பில் பிளாஸ், ஓவியர் எல்ஸ்வொர்த் கெல்லி எல்லாம் இதில் இருந்தவங்கதான். இவங்க ஆயுதம் ரப்பர் டாங்கி! காத்தடிச்சு நிறுத்தினா தூரத்துல இருந்து பார்க்க அசல் ஷெர்மன். ராத்திரி குளிர்ல காத்து இறங்கி பீரங்கிக் குழாய் தொங்கிப்போயிடும். விடியறதுக்குள்ள அதை நிமிர்த்தணும். டாங்கியை நட்டு வெச்சா மட்டும் போதாது, புல்டோசரை ஓட்டி மண்ணில் சங்கிலித் தடமும் போடணும். நாலு பேர் சேர்ந்து டாங்கியைத் தூக்கிட்டுப் போறதைப் பார்த்து, சைக்கிள்ல வந்த ரெண்டு பிரெஞ்சுக்காரங்க வாயைப் பிளந்த கதை ஒண்ணு உண்டு :-)

குரல் கோஷ்டி 145 பேர். டாங்கி ஓடற சத்தம், பாலம் கட்டற சத்தம் எல்லாத்தையும் முன்கூட்டியே பதிவு பண்ணிக் கம்பியில் ஏத்தி வெச்சுப்பாங்க. ராத்திரி வண்டியில் கட்டின ராட்சச ஒலிபெருக்கியில் போட்டா 15 மைல் வரைக்கும் கேட்குமாம்.

என்னைக் கேட்டா, நிஜமான வித்தைக்காரங்க ரேடியோ பிரிவுதான். 296 பேர். மோர்ஸ் அடிக்கற ஒவ்வொருத்தனுக்கும் ஒரு கைவாகு உண்டு, கையெழுத்து மாதிரி. ஒரு டிவிஷன் இடம் மாறிப் போயிட்டா, அந்த ஆபரேட்டரோட கைவாகை அப்படியே காப்பியடிச்சு, அவன் இன்னும் அங்கேயே இருக்கற மாதிரி இவங்க அடிப்பாங்க. ஒட்டுக்கேட்கற ஜெர்மன்காரனும் லேசுப்பட்டவன் இல்லை, கை மாறினா கண்டுபிடிச்சிடுவான். நாலாவது பிரிவு 168 பேர். காவல், கட்டுமானம், சண்டை வந்தா சண்டை.

இது போக எல்லாருக்கும் பொதுவா ஒரு வேலை, நடிப்பு. வேற டிவிஷன் பேட்ஜைச் சட்டையில் தைச்சுக்கிட்டு, ஊர் மதுக்கடையில் போய் உளவாளி காதுல விழற மாதிரி உளறிட்டு வர்றது. 1944 செப்டம்பர்ல லக்சம்பர்க் பக்கம் பேட்டனோட படைவரிசையில் பெரிய ஓட்டை விழுந்தப்போ, இப்படித்தான் ஒரு கவசப்படை மாதிரி நடிச்சு அடைச்சாங்க. ரெண்டு மூணு நாள்னு சொன்னது ஒரு வாரத்துக்கு மேல இழுத்துச்சு. ஜெர்மன்காரன் நிஜமாவே மோதியிருந்தா ரப்பர் டாங்கியால என்ன பண்ண முடியும்?

ஆனா என்னை ரொம்ப யோசிக்க வெச்சது அதுக்கு ஒரு மாசம் முன்னாடி, 1944 ஆகஸ்டில், பிரான்சின் பிரெஸ்ட் துறைமுக முற்றுகையில் நடந்தது. அங்கே ரப்பர் டாங்கியும் ஒலிபெருக்கியும் வெச்சு, டாங்கிப்படை வந்து சேர்ந்துட்டதா நம்ப வெச்சாங்க. வித்தை பலிச்சுது. ஜெர்மன்காரங்க டாங்கி எதிர்ப்பு பீரங்கிகளைச் சத்தம் வந்த பக்கம் கொண்டுவந்து நிறுத்திட்டாங்க. ஆனா நிஜமான லைட் டாங்கிக் கம்பெனி ஒண்ணு அதே இடத்துக்குப் பக்கத்துல இருந்து தாக்கக் கிளம்புச்சு. ரெண்டு தரப்புக்கும் நடுவுல பேச்சுவார்த்தை சரியா நடக்கலை. நேரா பீரங்கி வாயில் போய் விழுந்தாங்க, எரிஞ்சாங்க.

தோல்பாவைக்கூத்துல ஒரே ஆள் பத்துக் குரல்ல பேசுவார், எல்லாப் பாவையும் அவர் கையில. இங்கே பொம்மை ஒருத்தர் கையில, குரல் இன்னொருத்தர் கையில, நிஜச் சண்டை வேற யார் கையிலயோ. எதிரியை ஏமாத்தறதை விட, தன் ஆளுங்களுக்கு எது பொய்னு சொல்லி வைக்கறது கஷ்டமான வேலை போல.

1945 மார்ச்ல ரைன் நதியைக் கடக்கும்போது அது கூடி வந்துச்சு. வீயர்சன் பக்கம் 600க்கும் மேல பொம்மை வண்டிகள், பாலம் கட்டற சத்தம், பொய் ரேடியோ எல்லாம் ஒரே கதையைச் சொல்லி, ரெண்டு டிவிஷன் அங்கே காத்திருக்கறதா காட்டிச்சு. அசல் டிவிஷன்கள் ரெண்டும் வடக்கே போய் மார்ச் 24 அதிகாலை நதியைக் கடந்தாங்க. எதிர்ப்பு ரொம்பக் குறைவு. தளபதி சிம்ப்சன் பாராட்டுக் கடிதமே கொடுத்தார். இந்தப் படை மொத்தமா 15,000ல இருந்து 30,000 உயிர் வரை காப்பாத்துச்சுன்னு ஒரு கணக்கு சொல்றாங்க. நடக்காத சாவை எப்படி எண்ணினாங்களோ! பேய்ப்படையில் செத்தவங்க மூணு பேர், அது எண்ணக்கூடிய கணக்கு.

போர் முடிஞ்சு வீட்டுக்குப் போனவங்ககிட்ட வாயைத் திறக்கக்கூடாதுன்னு சொல்லிட்டாங்க. நிறையப் பேர் பெண்டாட்டிகிட்டகூடச் சொல்லலை. கோப்புகளை முழுசா வெளியிட்டது 1996ல. தங்கப் பதக்கம் கொடுக்கற சட்டம் 2022ல வந்துச்சு. 2024 மார்ச் 21 அன்னிக்கு வாஷிங்டன்ல விழா நடந்தப்போ உயிரோட இருந்தவங்க ஏழு பேர். அதுல மூணு பேரால்தான் வர முடிஞ்சுது.